ஓர் ‘உம்’முக்கு அடியில்

“உம்…”

காதுக்குள் அந்தச் சத்தம் விழுந்ததும் லிண்டா விறைத்துப்போனாள்.

இருக்கக் கூடாத சத்தம் அது. ஹெட்போனை மாட்டிக்கொண்டு, கண் எரிய எரிய உட்கார்ந்து, ஒன்று விடாமல் தன் கையாலேயே வெட்டி எறிந்த சத்தம். எப்படித் திரும்பி வந்தது?

கண்டியிலிருந்து கொழும்புக்குப் போகிற காலை ரயில் பேராதனையைத் தாண்டிக் கடுகண்ணாவையை நோக்கி ஏறிக்கொண்டிருந்தது. எதிர் சீட்டில் ஒரு மனுஷி மீன் அடைத்த மாலுபாணைப் பிட்டு மகளுக்கு ஊட்டிக்கொண்டிருந்தாள். ஜன்னலோரத்தில் ஒருவர் வாயைத் திறந்தபடி தூங்கினார். லிண்டா நேற்றிரவு வெளியான எபிசோடைப் போனில் விரலால் பின்னுக்கு இழுத்து மறுபடி போட்டுக் கேட்டாள்.

முதலில் உருமாற்றிய குரல் வந்தது. ஆணா பெண்ணா என்று பிரிக்க முடியாத, கிணற்றுக்குள்ளிருந்து பேசுகிற மாதிரியான குரல். “தெரிஞ்ச பிள்ளை ஒண்ணையும் அவர்தான் அனுப்பினார்…”

அதன்மேல், நிகழ்ச்சியை நடத்தும் அன்ட்ரூவின் கனமான, குழைந்த, நீண்ட “உம்ம்ம்…”

அந்த உம்முக்கு அடியில், சுவருக்கு அந்தப் பக்கம் யாரோ பேசுவதுபோல் இன்னொரு குரல். சன்னமாகத்தான். ஆனால் தெரிந்த காதுக்குத் தப்பாது.

“…என்ட தாத்தாவயும் அவர்தான் அனுப்பின…”

ஹிதாயா! அறைத்தோழி ஹிதாயாவின் சொந்தக் குரல்!

லிண்டா போனை எடுத்து அன்ட்ரூவுக்கு அடித்தாள். மணி போனது. எடுக்கவில்லை. மறுபடி அடித்தாள். வெட்டிவிட்டான். ‘அண்ணே எபிசோடை நெட்டுலருந்து உடனே இறக்குங்க, ஹிதாயா குரல் கேக்குது’ என்று எழுதினாள். பெயரைப் பார்த்ததும் அதை அழித்து, ‘அவ குரல் கேக்குது’ என்று மாற்றி அனுப்பினாள்.

செய்தி போய்ச் சேரவில்லை. ரயில் சுரங்கத்துக்குள் நுழைந்துவிட்டது.

இருட்டில், ஜன்னல் கண்ணாடியில் தன் முகத்தையே பார்த்துக்கொண்டு அவள் உட்கார்ந்திருந்தாள். நான் வெட்டினேன். சத்தியமாக வெட்டினேன். பிறகு யார் ஒட்டியது?

யாரென்று அவளுக்குத் தெரியும்.

*

அன்ட்ரூ கொழும்பில் ‘ஒலிக்கூடு’ என்ற பொட்காஸ்ட் நிறுவனத்தை நடத்தினான். முதலாளியும் அவன்தான், மைக்குக்கு முன்னால் உட்காருபவனும் அவன்தான். ‘சொல்லுங்க, கேக்கிறேன்’ என்பது நிகழ்ச்சியின் பெயர். வருகிறவர் தன் கதையைச் சொல்வார், அன்ட்ரூ கேட்பான். அவ்வளவுதான் விஷயம்.

கதை சொல்கிறபோது எதிரில் இருப்பவர் உம் கொட்டாவிட்டால் சொல்கிறவருக்குக் கதை ஓடாது. நம் ஆட்களிடம் பிறவியிலேயே உள்ள பழக்கம் இது. அன்ட்ரூ அதையே பிழைப்பாக்கிவிட்டான். துக்கத்துக்கு ஓர் உம், வியப்புக்கு ஓர் உம், ‘நீ சொல்வது பொய்யென்று எனக்குத் தெரியும்’ என்பதற்கு ஓர் உம். கேட்கிறவர்கள் அவனுக்கு ‘உம் அண்ணா’ என்று பெயர் வைத்தார்கள். ‘உம்’ என்று அச்சடித்த கோப்பைகூட விற்பனைக்கு வந்தது.

அந்த உம்களை வெட்டி, ஒட்டி, இடம் பார்த்து வைத்தவள் லிண்டா. நாவலப்பிட்டிக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் பிறந்து, கண்டியில் கொம்பியூட்டர் படித்து, அம்பிட்டியில் ஒரு போடிங் அறையில் தங்கியிருப்பவள். கொரோனாக் காலத்தில் வீட்டிலிருந்தே வேலை என்று சேர்ந்தாள். பிறகு ஹைபிரிட் என்றொரு சொல் வந்தது. கிழமையில் இரண்டு நாள் கொழும்பு ஓபிசுக்கு வர வேண்டும். அவளும் விடியுமுன் எழுந்து ரயிலேறிப் போவாள். போய், மூலையில் ஒரு மேசையில் உட்கார்ந்து, ஹெட்போனை மாட்டிக்கொண்டு, அறையில் செய்கிற அதே வேலையைச் செய்துவிட்டுத் திரும்புவாள். அந்த இரண்டு நாளும் ஓபிசில் யாரும் அவளோடு பேசுவதில்லை. ஹெட்போன் போட்டிருப்பவளிடம் என்ன பேசுவது?

அம்பிட்டி அறையில் அவளுடைய ஸ்டூடியோ ஓர் அலுமாரி. போடிங்காரரின் பழைய மர அலுமாரியின் தட்டுகளைக் கழற்றி, உள்ளே ஒரு கட்டைக் கதிரையைப் போட்டு, கம்பளிகளை ஆணியடித்து வைத்திருந்தாள். மூன்று பக்கமும் அறைத்தோழி ஹிதாயாவின் அபாயாக்கள் தொங்கும்.

“என்ட அபாயாக்கு நீ வாடக தரணும் புள்ள,” என்பாள் ஹிதாயா. “உன்ட கொம்பனிக்கு அதுதான் ஸ்டூடியோ.”

“உன் அபாயா மாதிரி சத்தம் குடிக்கிற துணி உலகத்துலயே இல்லடி. அன்ட்ரூ அண்ணன் வெளிநாட்டுலருந்து ஸ்பொஞ்சு வரவழைச்சு ஒட்டியிருக்காரு. அதுலகூட எதிரொலி வருது.”

ஹிதாயா கம்பளைக்காரி. கண்டி டவுனில், ஒரு துணிக்கடைக்கு மேல்மாடியில், வீட்டு வேலைக்குப் பெண்களை வெளிநாட்டுக்கு அனுப்பும் ஏஜென்சியில் கிளாக்காக இருந்தாள். முதலாளி ரொஹான். வெள்ளைச் சேர்ட், சட்டைப்பையில் ஜெபமாலை, வாயில் எப்போதும் ‘பிள்ளை’. ஹிதாயாவின் அக்கா அஸீமாவையும் அவர்தான் அனுப்பியிருந்தார். போன இடத்தில் அஸீமாவின் போனைப் பிடுங்கிக்கொண்டார்கள். களவாக ஒரு தரம் பேசியபோது, சுடுதண்ணீர் பட்ட கையைப் பற்றி மட்டும் சொல்லி அழுதாள். அதற்குப் பிறகு சத்தமில்லை.

“‘ஒன் அக்காவுக்கு இந்த மாசம் திரும்பி வர டிக்கெட் நிச்சயம் பிள்ளை’ன்டு செல்றார்,” என்று ரொஹானைப் போலவே குரலை இழுத்துச் சொல்லிக் காட்டுவாள் ஹிதாயா. சிரிப்பாள். பிறகு சிரிப்பு அப்படியே நின்றுவிடும்.

ஒரு நாள் வேலையிலிருந்து வந்தவள் அபாயாவைக் கழற்றாமலே கட்டிலில் உட்கார்ந்தாள்.

“இண்டக்கி ஒரு புள்ளக்கி போர்ம்ல வயசு கூட்டி டைப் அடிச்சேன் லிண்டா. பதினாறு வயசு. என்ட கையாலதான் அடிச்ச. அது எனக்கு முன்னுக்குக் குந்திக்கிட்டு, அவடத்த ஏசி நல்லா ஈக்குமா அக்கான்டு கேக்குது. இன்னம் ரெண்டு மூணு பேர் ஈக்கிறாங்க. அடுத்த மாசம் பிளேன்ல ஏத்திருவாங்க.”

லிண்டாதான் அந்த வார்த்தையைச் சொன்னாள். “எங்க நிகழ்ச்சியில பேசு. ஊரே கேக்கும். ஏத்த மாட்டாங்க.”

“பைத்தியமா ஒனக்கு? நான்டு தெரிஞ்சா தாத்தாட டிக்கெட் அவ்வளவுதான். அந்த மனுசன்ட கையிலதானே ஈக்கி.”

“குரலை மாத்திருவேன். உன் உம்மா கேட்டாக்கூட கண்டுபிடிக்க முடியாது.”

“அழுதுட்டு ஏதும் ஒளறினா?”

“வெட்டுவேன்.”

“நெசமா வெட்டுவியா?”

“என் கையைத் தாண்டித்தான் எதுவும் வெளிய போகும்டி. நான் இருக்கேன்ல.”

ஹிதாயா அலுமாரிக் கதவைத் திறந்து, தன் அபாயாக்களை விலக்கி, கட்டைக் கதிரையில் உட்கார்ந்து பார்த்தாள். “கபுறுக்குழி மாதிரி ஈக்கி,” என்றாள்.

*

ஞாயிற்றுக்கிழமை பகல். அலுமாரிக்குள் ஹிதாயா, மடியில் மைக். கொழும்பில் அன்ட்ரூ, அவனுக்கு ஒரு மைக். இடையில் லிண்டாவின் லெப்டொப். இப்படிப் பதிவு செய்யும்போது அந்தந்த ஊர்க் குரல் அந்தந்த மைக்கில் தனியாகப் பதியும். ஹிதாயாவின் குரல் ஒரு தடத்தில், அன்ட்ரூவின் குரல் இன்னொரு தடத்தில். ஒன்றைத் தொடாமல் மற்றதை வெட்டலாம், மாற்றலாம். அதற்கு ஒரேயொரு நிபந்தனை உண்டு: இரண்டு பேரும் ஹெட்போன் போட்டிருக்க வேண்டும்.

திரையில் அன்ட்ரூ தலையைச் சீவிக்கொண்டிருந்தான்.

“அண்ணே, ஹெட்போன்.”

“வீடியோவில தலை சப்பையாத் தெரியும் ஐசே. ஸ்பீக்கரில கேக்கிறன்.”

“ஸ்பீக்கர் சத்தம் உங்க மைக்கில விழும் அண்ணே.”

“விழுந்தா என்ன, நீங்க வெட்டுவீங்கதானே.”

எல்லோரும் அவளிடம் இதையேதான் கேட்டார்கள்.

ஹிதாயா நன்றாகப் பேசினாள். பயந்த ஆளுக்குள் இவ்வளவு கோபம் இருந்ததா என்று லிண்டாவே அசந்துபோனாள். அன்ட்ரூ தன் உம்களை ஒன்றுக்குமேல் ஒன்றாக இறக்கினான். கடைசிப் பக்கம், அந்தப் பதினாறு வயதுப் பிள்ளையைப் பற்றிச் சொல்லும்போது குரல் உடைந்து, ஹிதாயாவுக்கு வாய் தவறிவிட்டது. ‘என்ட தாத்தாவயும் அவர்தான் அனுப்பின.’

நமக்குத் தாத்தா என்றால் கிழவர். கண்டி, கம்பளைப் பக்கத்து முஸ்லிம் வீடுகளில் தாத்தா என்றால் அக்கா. அக்காவை அதே ஏஜென்சி அனுப்பிய முஸ்லிம் பெண், உள்ளே வேலையும் செய்கிறவள். கண்டியில் எத்தனை பேர் இருப்பார்கள்? ஒருத்திதான்.

பதிவு முடிந்ததும் லிண்டா அவளை மறுபடி அலுமாரிக்குள் உட்கார வைத்து, அந்த ஒரு வரியை மட்டும் மாற்றிச் சொல்ல வைத்தாள். ‘தெரிஞ்ச பிள்ளை ஒண்ணையும் அவர்தான் அனுப்பினார்.’ பழைய வரியைப் பிடுங்கிவிட்டு, அதே இடத்தில் இதைப் பதித்தாள். குரலை உருமாற்றினாள். ஹிதாயாவே கேட்டுவிட்டு, “யாரு இந்த மூதேவி?” என்று சிரித்தாள்.

அடுத்த நாள்தான் லிண்டா அன்ட்ரூவின் தடத்தைத் தனியாகத் திறந்தாள். அவள் பயந்ததுதான். அவன் ஸ்பீக்கரிலிருந்து வழிந்த ஹிதாயாவின் குரல், முழுவதும், அவன் மைக்கில் ஒட்டிக்கொண்டிருந்தது. உருமாறாமல். அவன் உம் கொட்டிய ஒவ்வோர் இடத்திலும் அந்த உம்முக்கு அடியில் அவள் பேசிக்கொண்டிருந்தாள். இதைப் பிரிக்க எந்த மருந்தும் இல்லை. ஒரே வழி, அவள் பேசுகிற நேரமெல்லாம் அன்ட்ரூவின் தடத்தை மௌனமாக்குவது.

எல்லா உம்மையும் வெட்டினாள். ஒன்றுகூட மிஞ்சவில்லை.

ஏன் வெட்டினேன் என்று நிதானமாக விளக்கி, அன்ட்ரூவுக்கு வாய்ஸ் மெசேஜும் அனுப்பினாள். அங்கேதான் அவள் கோட்டை விட்டாள். ஊரெல்லாம் சொல்வதைக் காது கொடுத்துக் கேட்பவன் என்று பெயர் எடுத்த அன்ட்ரூ, லிண்டாவின் வாய்ஸ் மெசேஜ் ஒன்றைக்கூட இதுவரை முழுதாகக் கேட்டவனில்லை.

*

ரம்புக்கனை நெருங்கும்போது சிக்னல் திரும்பி வந்தது. வந்த கையோடு போனும் அடித்தது.

“என்ன ஐசே, இத்தனை மிஸ்ட் கோல்? நான் இப்ப மேடையில ஏறப்போறன். பெரிய கொம்பனி ஒண்டு, ‘கேட்கும் கலை’ எண்டு பேசக் கூப்பிட்டிருக்கினம்.”

“அண்ணே, எபிசோடை இறக்குங்க. இப்பவே. உங்க உம்முக்குப் பின்னால அவ சொந்தக் குரல் கேக்குது.”

“ஓ, அதா? நானும் கேட்டனான்.”

“கேட்டீங்களா?”

“பின்ன? நீங்க எல்லா உம்மையும் வெட்டி அனுப்பினா எபிசோட் செத்த வீடு மாதிரி இருக்கு. நான் அங்க இருக்கிறனா இல்லையா எண்டே விளங்கேல்ல. சனம் என்ன நினைக்கும்? டிரைவிலதானே ஒரிஜினல் கிடந்தது, நானே எடுத்து உம்மையெல்லாம் திரும்ப வச்சன். சத்தத்தை ஒரே மட்டமாக்கிற பட்டனையும் அமத்தினன். சும்மா சொல்லக்கூடாது, நல்லா வந்திருக்கு.”

அந்தப் பட்டன்தான் மிச்சக் கொலையையும் செய்திருந்தது. பெரிய சத்தத்தைக் குறைத்து, சின்னச் சத்தத்தைத் தூக்கிவிடும் பட்டன். சுவருக்கு அந்தப் பக்கமிருந்த ஹிதாயாவைக் கையைப் பிடித்து இந்தப் பக்கம் கூட்டி வந்துவிட்டது.

“அண்ணே, அந்தப் பின்னால கேக்கிற குரல்ல அவ என்ன சொல்றான்னு கேட்டீங்களா?”

“ஏதோ தாத்தா எண்டு. ஒரு கிழவனையும் அனுப்பிப்போட்டாங்கள் போல. அதை வச்சு ஆர் ஆளைக் கண்டுபிடிக்கிறது?”

“தாத்தான்னா அவங்க பேச்சுல அக்கா, அண்ணே. கிழவன் இல்ல. அக்கா.”

லிண்டா அவனை அறிந்த இத்தனை வருஷத்தில், ஒருவர் சொல்லி முடித்தபிறகு அன்ட்ரூ உம் கொட்டாமல் இருந்தது அதுதான் முதல் தடவை.

“வாய்ஸ்ல எல்லாம் சொன்னேனே அண்ணே.”

“அவ்வளவு நீட்டு வாய்ஸ் மெசேஜ் ஆர் ஐசே கேக்கிறது?” குரல் உரத்தது. “இதுக்குத்தான் சொல்லுறது, ரிமோட் சரிவராது எண்டு. நீங்க பக்கத்து மேசையில இருந்திருந்தா, லிண்டா இது என்ன எண்டு கேட்டிருப்பன். முடிஞ்சிருக்கும். மலையில இருந்துகொண்டு வெட்டி வெட்டி அனுப்பினா இப்பிடித்தான்.”

“அதைப் பிறகு பேசலாம் அண்ணே. இப்ப இறக்குங்க.”

“இறக்கிறன், இறக்கிறன். மேடையால வந்து…”

“இப்பவே!”

அவள் கத்தியதில் தூங்கிக்கொண்டிருந்த மனிதர் விழித்துப் பார்த்தார். போன் வெட்டப்பட்டது.

கொஞ்ச நேரத்தில் எபிசோடைக் காணவில்லை. இறக்கிவிட்டான். லிண்டா மூச்சு விட்டாள். விட்ட மூச்சு உள்ளே திரும்பு முன்னே கண்ணில் பட்டது அந்த வீடியோத் துண்டு. அன்ட்ரூவின் முகம், சப்பையாகாத தலை, பாதி மூடிய கண், நீண்ட ‘உம்ம்ம்’. எபிசோடின் மிக நீளமான உம் எதுவென்று தேடிப் பிடித்து, அதையே ஓபிஸ்காரர்கள் விளம்பரத்துக்கு வெட்டிப் போட்டிருந்தார்கள். அதே உம். அதற்கடியில் அதே தாத்தா. அது கைக்குக் கை மாறிப் போய்க்கொண்டிருந்தது. கண்டி ஆட்களின் வாட்ஸ்அப் குழு ஒன்றில் யாரோ எழுதியிருந்தார்கள்: ‘இது நம்ம டவுன் ஏஜென்சி கதை மாதிரி இருக்கே?’

ஹிதாயாவுக்கு அடித்தாள். பதில் இல்லை. ரொஹானின் ஓபிசில் வேலை நேரத்தில் போனை மேசை லாச்சியில் போட்டு மூடிவிட வேண்டும். ‘தலையிடின்னு சொல்லிட்டு உடனே வெளிய வா’ என்று எழுதினாள். அதுவும் லாச்சிக்குள் போய் விழுந்தது.

ரயில் ரம்புக்கனையில் நின்றது. இன்றைக்கு ஓபிஸ் நாள். போகாவிட்டால் என்ன நடக்கும் என்று அவளுக்குத் தெரியும். பையைத் தோளில் போட்டுக்கொண்டு இறங்கினாள்.

*

மாவனல்லைக்கு ஒரு பஸ், அங்கிருந்து கண்டிக்கு ஒரு பஸ். கடுகண்ணாவைக் கணவாயில் லொறியொன்றுக்குப் பின்னால் ஊர்ந்து ஊர்ந்து, டவுனில் இறங்கும்போது வெயில் உச்சிக்கு வந்துவிட்டது. துணிக்கடையின் பக்கத்துப் படியில் ஓடி ஏறினாள்.

ஹிதாயாவின் மேசை வெறுமையாகக் கிடந்தது. உள்ளறையிலிருந்து ரொஹானே எழுந்து வந்தார். வெள்ளைச் சேர்ட். சிரித்த முகம்.

“வாங்க பிள்ளை, வாங்க. ஹிதாயாவோட போடிங்ல இருக்கிற பிள்ளைதானே? உட்காருங்க.”

“இல்ல சேர், ஹிதாயாவைப் பார்க்க…”

“அவ போயிட்டா. தலையிடின்னா. நானும் போன்னு அனுப்பிட்டேன்.” கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். “நீங்க ஏதோ கொழும்புக் கொம்பனியில வேலையாமே? வீட்டுலருந்தே செய்யலாமாமே. என்ன வேலை பிள்ளை?”

“டைப்பிங் சேர். கணக்கு வழக்கு டைப் பண்றது.”

“உம்.”

“சின்னக் கொம்பனிதான் சேர். அவ்வளவா யாருக்கும் தெரியாது.”

“உம்ம்…” என்றார் ரொஹான், தலையை மெல்ல ஆட்டி, கண்ணைப் பாதி மூடி. அப்படியே அன்ட்ரூவைப் போல. பிறகு தானே அதை ரசித்துச் சிரித்தார். “நல்ல வேலை. நிழல்ல இருந்து செய்யிற வேலை. சரி பிள்ளை, அவளைப் பார்த்தா சொல்லுங்க. டிக்கெட் கதை நான் காலையிலேயே சொல்லிட்டேன், பாவம், ஒரு மாதிரியாத்தான் போனா. வேணும்னு செய்யல. அங்க அந்த வீட்டுக்காரங்க விட மாட்டேங்கிறாங்க. நான் என்ன செய்ய? அவ தாத்தாவுக்காக நான் தினமும் ஜெபம் பண்ணுறேன்னு சொல்லுங்க.”

தாத்தா.

பிறந்தது முதல் அக்காவை அக்கா என்று மட்டுமே சொன்ன வாய். மாதக்கணக்காக ‘ஒன் அக்கா, ஒன் அக்கா’ என்று ஹிதாயாவை ஏய்த்த வாய். இன்றைக்கு அந்தச் சொல்லை எடுத்து, துடைத்து, லிண்டாவின் முன்னால் மேசையில் வைத்தது.

“சொல்றேன் சேர்,” என்றாள். வேறு என்ன சொல்ல முடியும்? படியிறங்கினாள்.

அம்பிட்டி பஸ்ஸுக்குக் காத்திருக்கையில் அன்ட்ரூவின் வாய்ஸ் மெசேஜ் வந்தது. அவள் மெசேஜைக் கேட்காதவனுடைய மெசேஜை அவள் பழக்கத்தில் கேட்டாள்.

“லிண்டா, ஓபிசுக்கு வரேல்ல போல. சரி விடுங்க, அதைப் பிறகு பாப்பம். அடுத்த மாசத்திலிருந்து எல்லாரும் முழு நாளும் கொழும்புதான், ரிமோட் ஒருத்தருக்கும் இல்ல. மெயில் வரும். மற்றது, அந்தப் பிள்ளை எப்பிடியும் இப்ப ஆரெண்டு தெரிஞ்சிட்டுதுதானே. முகத்தைக் காட்டிப் பேசுவாவா எண்டு கேளுங்க. இனி ஒளிக்க என்ன இருக்கு? இந்த முறை நான் ஹெட்போன் போடுறன். நீங்க சொன்னா அவ கேப்பா…”

இதற்குமேல் இன்னும் நீளமாக ஓடியது. லிண்டா பாதியில் நிறுத்தினாள்.

*

அறைக் கதவு திறந்து கிடந்தது. அலுமாரிக் கதவும்.

ஹிதாயா அபாயாக்களை ஒவ்வொன்றாக உருவி, மடித்து, பையில் அடுக்கிக்கொண்டிருந்தாள். திரும்பிப் பார்க்கவில்லை.

“கம்பளைக்குப் போறேன். உம்மாக்குச் செல்லணும்தானே. போன்ல செல்ல ஏலா.”

“ஹிதாயா…”

“காலேல போனதும் கூப்பிட்டார். தனக்கு முன்னுக்கு ஒக்கார வெச்சார். போனப் போட்டுவிட்டார். ஒன்ட அண்ணன்ட முகம். உம்முன்டு ஒரு இழுவ. அதுக்குள்ள நான் பேசுறேன். என்ட கொரல் எனக்குத் தெரியாதா? நான் ஒண்டும் செல்லல்ல. அவரும் ஒண்டும் கேக்கல்ல. திரும்பத் திரும்பப் போட்டார். அவ்வளவுதான். கடைசியா, ‘ஒன் தாத்தாட டிக்கெட் சரிவராது போல பிள்ளை’ன்டார். நானும் தலையிடின்டு செல்லிட்டு எழும்பி வந்துட்டேன்.”

கடைசி அபாயாவையும் எடுத்தாள். அலுமாரி வெறும் பலகையாக நின்றது. அங்குமிங்கும் ஆணி.

“நேத்து ராவு உம்மா பாயாசத்துக்குச் சவ்வரிசி வாங்கி வெச்சீக்கி. தாத்தா வந்ததும் காய்ச்சிறதுக்கு. நான் என்னத்தன்டு செல்ற?”

லிண்டா கட்டிலின் விளிம்பில் உட்கார்ந்தாள். சொல்ல எத்தனையோ இருந்தது. நான் வெட்டினேன். ஒன்று விடாமல் வெட்டினேன். அவன் ஒட்டினான். எல்லாம் உண்மை. எதைச் சொன்னாலும் அஸீமாவின் கையில் ஊற்றிய சுடுதண்ணீர் ஆறப்போவதில்லை. என் கையைத் தாண்டி எதுவும் போகாது என்று சொன்னதும் இதே வாய்தான்.

“அந்தப் பதினாறு வயசுப் புள்ள ஈக்கே,” என்றாள் ஹிதாயா, பையின் சிப்பை இழுத்தபடி. “அது இண்டக்கிக் காலேல வந்திச்சு. நான் படியால எறங்கி வாற, அது ஏறிப் போகுது. என்னப் பார்த்துச் சிரிச்சிச்சு. அக்கா நானும் அந்த வீடியோவப் பார்த்தேன், அந்த அண்ணன் எவ்வளவு வடிவா உம் கொட்டுறார்ன்டு செல்லுது.”

துணியெல்லாம் போன அலுமாரிக்குள் அவள் குரல் மோதி, அறை முழுவதும் எதிரொலித்தது. இத்தனை வருஷத்தில் அந்த அறையில் எதிரொலி கேட்டது இன்றைக்குத்தான்.

“கேக்கிறியா லிண்டா?”

லிண்டா தலைகுனிந்திருந்தாள்.

“என்னா, பேசாம ஈக்கிறாய்? நான் செல்லச் செல்ல செவுத்தோட பேசுற மாதிரி ஈக்கி. உம்முன்டு ஒரு வார்த்தயாவது செல்லேன்டி.”

வாயைத் திறந்தாள். உதட்டைச் சேர்த்தால் போதும், தானாக வருகிற சத்தம்தான்.

வரவில்லை.